ஏழாம் நம்பர் பிரஸ்ஸும் கற்றல் இடைவெளியும்

கங்கப்பனின் வலது கையில் இரண்டு விரல்கள் போனது ஒரு செவ்வாய்க்கிழமை காலை ஒன்பதே காலுக்கு. எதனால் போயின என்பது தகடு அடிக்கும் பிரஸ் ஷாப்பில் இருந்த நாற்பது பேருக்கும் ஒன்பது இருபதுக்குள் தெரிந்துவிட்டது. அதையே கண்டுபிடிக்கக் கம்பெனிக்கு ஏழு மாதமும், ஒரு புதிய இலாகாவும், பெட்டி பெட்டியாக வந்திறங்கிய சாதனங்களும், மெட்ராஸிலிருந்து ஒரு டாக்டரும் தேவைப்பட்டன. அப்படியும் அவர்கள் கண்டுபிடித்தது வேறு.

1985-ஆம் வருஷம். ஓசூர் தொழிற்பேட்டையில், வேன்களுக்குத் தகடு அடித்துக் கொடுக்கும் கம்பெனி அது. சாந்த் பாஷா அங்கே ஆறாம் நம்பர் பிரஸ்ஸில் பதினோரு வருஷமாக உட்கார்ந்திருந்தான். கெலமங்கலத்துக்காரன். பக்கத்து ஏழாம் நம்பரில் கங்கப்பன். சத்தம் கேட்டதும் ஓடிப்போய் மெயின் சுவிட்சை இழுத்தவனும், தன் துண்டால் கங்கப்பனின் கையைச் சுற்றிக் கம்பெனி வேனில் ஆஸ்பத்திரி வரைக்கும் மடியில் வைத்துக்கொண்டு போனவனும் சாந்த் பாஷாதான். அந்தத் துண்டை அவன் மனைவி காத்தூன் மூன்று முறை அலசியும் கறை போகவில்லை. வீசி எறியவும் அவனுக்கு மனசு வரவில்லை.

பெடலை ஒருமுறை மிதித்தால் பிரஸ் ஒருமுறை இறங்கித் தகட்டை அடித்துவிட்டு மேலே போய் நிற்க வேண்டும். ஏழாம் நம்பர் பிரஸ் எப்போதாவது நிற்காமல், யாரும் மிதிக்காமலே, இரண்டாவது அடி அடிக்கும். அடித்த தகட்டை எடுக்கக் கை உள்ளே போயிருக்கும் நேரம் அது. ஷாப்பில் அதற்கு டபுள் என்று பெயர். உள்ளே கிளட்சில் உள்ளங்கை நீளத்துக்கு ஒரு ஸ்பிரிங் இருக்கிறது. அது தளர்ந்தால் டபுள் வரும். ஃபிட்டர் சின்னராஜ் ரிப்பேர் புத்தகத்தில் மூன்று முறை எழுதியிருந்தான்: ஏழாம் நம்பருக்குப் புது ஸ்பிரிங் வேண்டும். மூன்று முறையும் எதிரே பச்சை மையில் ஒரே பதில், 'பரிசீலனையில்'.

மூன்று பேர் கொண்ட விசாரணைக் கமிட்டிக்கு பர்சனல் மேனேஜர் சென்னகிருஷ்ணன் தலைவர். கமிட்டி ஏழாம் நம்பருக்கு முன்னால் வந்து நின்றது. ஸ்டூலின் உயரத்தை அளந்தது. கங்கப்பன் எத்தனாவது வரை படித்தவன் என்று கேட்டுக் குறித்துக்கொண்டது. ஏழாவது என்றதும் மூவரும் ஒருவரை ஒருவர் பார்த்துத் தலையாட்டினார்கள். ரிப்பேர் புத்தகத்தைச் சின்னராஜ் கையிலேயே வைத்துக்கொண்டு நின்றான். அதை யாரும் கேட்கவில்லை. பத்து நாளில் அறிக்கை நோட்டீஸ் போர்டில் வந்தது: 'விபத்துக்குக் காரணம் இயந்திரம் அல்ல. இயந்திரத்துக்கும் தொழிலாளிக்கும் நடுவே நிலவும் கற்றல் இடைவெளியே காரணம்.'

சாந்த் பாஷா அதை இரண்டு முறை படித்தான். இடைவெளி என்று போட்டிருக்கிறதே என்று ஸ்டூலை ஒரு ஜாண் பின்னால் தள்ளிப் போட்டு இரண்டு நாள் வேலை செய்தான். முதுகு வலித்ததுதான் மிச்சம்.

அடுத்த மாதம் டாக்டர் பரமசிவம் வந்தார். மருந்து டாக்டர் இல்லை. வெளிநாட்டில் ஆறு மாதம் இருந்து, சொல்லிக்கொடுப்பது எப்படி என்பதைச் சொல்லிக்கொடுப்பது எப்படி என்று கற்றுக்கொண்டு வந்தவர். அவருக்காகத் தொடங்கிய இலாகாவின் பெயர் 'போதனை வடிவமைப்பு மற்றும் கற்றல் தொழில்நுட்பப் பிரிவு'. பெயர்ப் பலகை கதவைவிட அகலமாகிவிட்டதால் சுவரில் சாய்த்து வைத்தார்கள். புரொஜக்டருக்குத் தூசி ஆகாது என்பதால், தரையில் டைல்ஸ் போட்டிருந்த ஒரே அறையான முதலுதவி அறையை அவருக்குக் கொடுத்தார்கள். முதலுதவிப் பெட்டி சைக்கிள் ஸ்டாண்டுக்குப் போனது.

கேன்டீனில் எல்லோரையும் உட்கார வைத்து பரமசிவம் முதல் உரை ஆற்றினார்.

"இந்த நாட்டில் வேலை தெரிந்தவர்கள் கோடிக்கணக்கில் இருக்கிறார்கள். பிரச்சினையே அதுதான். அவர்களுக்கு வேலை தெரிந்திருக்கிறது, ஆனால் எழுதப்பட்ட நோக்கத்தின்படி தெரிந்திருக்கவில்லை. அளக்க முடியாத அறிவு அறிவே அல்ல. நான் இன்றுவரை ஒரு பிரஸ்ஸைத் தொட்டதில்லை. அதுவே என் தகுதி. தொட்டவனுக்கு வேலை பழகிவிடுகிறது. பழகியவனால் அதை ஆராய முடியாது."

சென்னகிருஷ்ணன் எழுந்து நின்று கைதட்டினார். அவர் எழுந்ததால் மற்றவர்களும் எழுந்தார்கள்.

முதலில் வேலையைப் பகுத்தாராய வேண்டும் என்றார்கள். அதற்கு ஒரு பொருள் வல்லுநர், அதாவது அந்த வேலை தெரிந்த ஒரு ஆள், தேவை. பதினோரு வருஷமாகப் பத்து விரலோடும் இருப்பவன் என்பதால் சாந்த் பாஷாவைத் தேர்ந்தெடுத்தார்கள். அவனுக்குக் கொஞ்சம் பெருமையாகக்கூட இருந்தது. நடந்ததைச் சொல்ல ஒரு வழி கிடைத்தது என்று நினைத்தான்.

கிருஷ்ணகிரியிலிருந்து புதிதாக வேலைக்குச் சேர்ந்திருந்த அதியா என்ற பெண் கையில் ஸ்டாப் வாட்சோடும் அட்டையோடும் பக்கத்தில் நின்று எழுதினாள். டாக்டர் கேட்பார். தகட்டைப் பார்த்ததும் என்ன செய்கிறாய் என்றார். எடுப்பேன் என்றான். எடுப்பதற்கு முன் எடுக்க வேண்டும் என்று முடிவு செய்கிறாயா என்றார். சாந்த் பாஷா யோசித்துப் பார்த்தான். அப்படி ஒருநாளும் முடிவு செய்ததாக ஞாபகம் இல்லை. எதற்கு வம்பு என்று ஆமாம் என்றான். அது ஒரு படி ஆயிற்று. தகட்டை நோக்கிக் கழுத்தைத் திருப்புவது ஒரு படி. திருப்பிய கழுத்தைத் திரும்பக் கொண்டுவருவது ஒரு படி. ஐந்து வாரத்தில் இருநூற்றுப் பதினான்கு படிகள் சேர்ந்தன. ஒரு தகடு அடிக்க அவனுக்கு நான்கு விநாடி ஆகும். அதைப் படித்து முடிக்க நாற்பது நிமிஷம் ஆனது.

முக்கியமானதை அவன் முதல் நாளே சொல்லியிருந்தான். கிளட்ச் சரியாக விழுந்தால் 'டக்' என்று ஒரு சத்தம் வரும். அந்த 'டக்' இல்லாமல் சத்தம் வழவழவென்று நழுவினால் டபுள் வரப்போகிறது என்று அர்த்தம். கையை உள்ளே விடக்கூடாது, எழுந்துபோய்ச் சின்னராஜைக் கூப்பிட வேண்டும். அதியா அதை அப்படியே எழுதியிருந்தாள். டாக்டர் சிவப்பு மையால் அடித்தார்.

"கேட்பது என்பது கண்ணால் பார்க்கக்கூடிய நடத்தை அல்ல. நீ கேட்டாயா இல்லையா என்று நான் எப்படி அளப்பேன்?"

"சத்தத்த விடுங்க சார். அந்த ஸ்பிரிங்க மாத்தணும்னு ஒரு படியா போட்டுடுங்க."

"அது இயந்திரத்தின் நடத்தை. நாம் வடிவமைப்பது கற்பவரின் நடத்தையை. இயந்திரம் கற்காது, பாஷா."

கடைசிப் பக்கத்தில் 'இவ்வேலையின் எல்லாப் படிகளும் இதில் அடங்கும்' என்று அச்சடித்திருந்த இடத்தில் கையெழுத்து கேட்டார்கள். பொருள் வல்லுநர் என்று அடைப்புக்குறிக்குள் அவன் பெயர் இருந்தது. போட்டுக் கொடுத்தான்.

அப்புறம் போதனைப் பொறி வந்தது. டிவி மாதிரி ஒரு பெட்டி, முன்னால் மூன்று பொத்தான், மேலே பச்சை விளக்கும் சிவப்பு விளக்கும். கேள்விகளை இங்கிலீஷில் எழுதி, மெட்ராஸில் ஒரு புலவரிடம் கொடுத்துத் தமிழாக்கி இருந்தார்கள். பிரஸ் அதில் அழுத்துப்பொறி ஆகியிருந்தது. தகட்டுக்கு வடிவம் கொடுக்கும் டை, வார்ப்பச்சு. தெலுங்கும் கன்னடமும் வீட்டில் பேசி, ஷாப்பில் தமிழோடு மூன்றையும் கலந்து பேசும் ஆட்கள் அந்தப் பெட்டிக்கு முன்னால் ஒவ்வொருவராக உட்கார்ந்து எழுந்தார்கள். 'மிதிக்கட்டை எதனால் இயக்கப்படுகிறது? அ. பாதம், ஆ. கரம், இ. மனம்.' சாந்த் பாஷா 'கால்' என்று தேடினான். அப்படி ஒரு பொத்தான் இல்லை. தன் வாயால் சொன்ன வேலையிலிருந்து உருவான பரீட்சையில் அவன் நூற்றுக்கு முப்பத்தொன்று வாங்கினான். டாக்டருக்கு அது பெரிய சந்தோஷம். முன்பரீட்சையில் மார்க் எவ்வளவு குறைகிறதோ அவ்வளவுக்கு இடைவெளி நிரூபணமாகிறதாம். அவரும் ஒருமுறை பெட்டிக்கு முன்னால் உட்கார்ந்தார். நூற்றுக்கு நூறு. அதற்கு ஒரு சான்றிதழும் அடித்துச் சட்டம் போட்டு மாட்டிக்கொண்டார்.

கங்கப்பன் ஐந்தாம் மாதம் திரும்பி வந்தான். ஆள்காட்டி விரலும் நடுவிரலும் இருந்த இடத்தில் தோல் வழவழப்பாக மூடியிருந்தது. அவனை வேலையில் சேர்ப்பதற்கு முன் பரீட்சை எழுத வேண்டும் என்றார்கள். இடது கைக் கட்டைவிரலால் பொத்தான்களை அழுத்தக் கேன்டீன் மேஜை மேல் பழகிக்கொண்டிருந்தான். கூட உட்கார்ந்து சாந்த் பாஷா கேள்விகளைச் சொல்லிக் கொடுத்தான். அறுபது வாங்கினால் பாஸ்.

பரீட்சைக்கு முந்திய நாள் மதியம் அதியா சாப்பாட்டு டப்பாவோடு சாந்த் பாஷா உட்கார்ந்திருந்த இடத்துக்கு வந்தாள். கையில் ஒரு நகல் இருந்தது. விசாரணை ஃபைலில் கங்கப்பனுக்காகத் தயாராக இருந்த இரண்டு உத்தரவுகள்.

"அண்ணா, ஃபெயிலானா வேலைக்குத் தகுதி இல்லன்னு அனுப்பிடுவாங்க. பாஸானா, எல்லாம் தெரிஞ்சிருந்தும் அஜாக்கிரதையா கைய விட்டான்னு சொல்லி அனுப்பிடுவாங்க. ரெண்டுமே டைப் அடிச்சு ரெடியா இருக்கு. தேதி மட்டுந்தான் போடல."

சாந்த் பாஷா கேட்டான், ஸ்பிரிங் தளர்ந்து போனதைப் பற்றி எதுவுமே இல்லையா என்று. அதியா தலையைக் குனிந்துகொண்டாள். இருநூற்றுப் பதினான்கு படிகளில் கிளட்ச் என்ற வார்த்தையே இல்லை, அதனால் கிளட்ச் இந்த வேலையைச் சேர்ந்ததே அல்ல என்று ஃபைலில் எழுதியிருப்பதாகச் சொன்னாள். ஆதாரம், பொருள் வல்லுநரின் கையெழுத்து.

அவன் கையிலிருந்த சோறு கையிலேயே இருந்தது. கோபம் முதலில் அவர்கள் மேல் வரவில்லை, தன் மேலேயே வந்தது. ஐந்து வாரம் கழுத்தைத் திருப்புவதைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்திருக்கிறான். நேராக டாக்டரின் அறைக்குப் போனான். இருநூற்றுப் பதினைந்தாவதாக ஒரு படி சேர்க்க வேண்டும், இல்லையென்றால் என் கையெழுத்தை அடித்துக் கொடுங்கள் என்றான். டாக்டர் கோபப்படவில்லை. நாற்காலியைக் காட்டி உட்காரச் சொன்னார். வடிவமைப்பு உறைநிலைக்கு வந்துவிட்டது, இனி மாற்றுவதென்றால் மறுபடி தேவை ஆய்விலிருந்து தொடங்க வேண்டும், அதற்கு எட்டு மாதம் ஆகும் என்று பொறுமையாக விளக்கினார். அடுத்த வாரம் பம்பாய்த் தலைமை அலுவலகத்திலிருந்து மூன்று பேர் வருகிறார்கள், அவர்கள் முன்னால் இருநூற்றுப் பதினான்கு படிகளையும் ஏழாம் நம்பர் பிரஸ்ஸில் செய்து காட்டப்போகிற மாதிரிக் கற்பவன் நீதான் என்று தட்டிக் கொடுத்தார். கங்கப்பனின் பரீட்சையையும் விருந்தாளிகள் பார்க்கட்டும் என்று அவர்கள் வரும் நாளுக்கே தள்ளி வைத்தார்கள்.

கையெழுத்து விஷயம் பரவிவிட்டதால் அந்த ஒரு வாரமும் ஷாப்பில் யாரும் சாந்த் பாஷாவிடம் அதிகம் பேசவில்லை.

விருந்தாளிகள் வந்த அன்று ஏழாம் நம்பருக்கு வெளிர் பச்சையில் புது பெயின்ட். ஸ்பிரிங் பழசு. தொழிலாளர்களுக்குப் புது கையுறை கொடுத்தார்கள். சென்னகிருஷ்ணன் வரவேற்றார். பரமசிவம் குச்சியால் சார்ட்டைத் தொட்டு, விபத்து என்பது உண்மையில் ஒரு வாய்ப்பு, ஒரு விபத்திலிருந்து பதினெட்டுப் பாடத் தொகுதிகள் பிறந்திருக்கின்றன, இன்னும் சில விபத்துகள் கிடைத்தால் பாடத்திட்டம் முழுமை பெறும் என்றார். சொன்ன வாக்கியத்தில் எதுவும் பிசகியதாக அவருக்குத் தோன்றவில்லை. விருந்தாளிகள் குறித்துக்கொண்டார்கள்.

சாந்த் பாஷா ஸ்டூலில் உட்காரவில்லை. ஸ்டூலை டாக்டர் பக்கம் நகர்த்தினான்.

"நான் முப்பத்தொண்ணு வாங்கினவன் சார். நீங்க நூறு. நீங்க உக்காந்து ஒரு தகடு அடிச்சுக் காட்டுங்க. அடிச்சத கையால எடுக்கணும்."

பிரஸ்ஸின் ஃப்ளைவீல் சக்கரம் சுற்றிக்கொண்டிருந்தது. பரமசிவம் பிரஸ்ஸைப் பார்த்தார். வந்த இத்தனை மாதத்தில் அவர் அதை உண்மையாகப் பார்த்தது அப்போதுதான் என்று சாந்த் பாஷாவுக்குத் தோன்றியது.

"நான் வடிவமைப்பாளன். பயனாளி அல்ல," என்றார்.

சாந்த் பாஷா தலையாட்டினான். தன் புதுக் கையுறை ஒன்றை எடுத்து, எண்ணெய் துடைக்கும் பஞ்சுக் கழிவை ஐந்து விரலுக்கும் திணித்தான். அதை ஒரு நீளக் குச்சியின் முனையில் கட்டினான். நின்றபடியே பெடலை மிதித்தான். பிரஸ் அடித்து மேலே போனதும், கை போவது போலவே கையுறையை டைக்குள் விட்டு வெளியே எடுத்தான். ஒன்றும் ஆகவில்லை. மறுபடி மிதித்தான். ஐந்து, ஆறு, பத்து. பம்பாய்க்காரர்களில் ஒருவர் கடிகாரத்தைப் பார்த்தார். சென்னகிருஷ்ணன் போதும் என்று கையால் காட்டினார். பதினைந்தானது. பரமசிவத்தின் முகத்தில் சிரிப்பு திரும்பி வந்தது. சாந்த் பாஷாவின் சட்டை முதுகோடு ஒட்டிவிட்டது. இந்தப் பாழாய்ப் போன பிரஸ் இன்றைக்கென்று யோக்கியமாக நடந்துகொள்கிறதே என்று பல்லைக் கடித்துக்கொண்டு மிதித்தான்.

பத்தொன்பதாவது தடவை சத்தம் வழவழத்தது. பிரஸ் இறங்கி ஏறியது. கையுறை உள்ளே போனது. பெடலிலிருந்து காலை எடுத்து எல்லோரும் பார்க்கத் தூக்கிக் காட்டினான். யாரும் மிதிக்காமல் பிரஸ் இன்னொரு முறை இறங்கியது. குச்சி முறிந்தது. கையுறையின் விரல்கள் தகட்டோடு தகடாக ஒட்டிக்கொண்டன. வயதான விருந்தாளி ஒருவர் தன் கையைப் பின்னால் மறைத்துக்கொண்டார்.

பிறகு அந்த வயதானவர் சுதாரித்துக்கொண்டு, இது மிகப் பிரமாதமான பாடம், இதைப் படம் எடுத்தீர்களா என்று டாக்டரிடம் கேட்டார்.

மறுநாள் சாந்த் பாஷாவுக்கு மெமோ வந்தது. குற்றங்கள் இரண்டு: கம்பெனிக் கையுறை ஒன்றைச் சேதப்படுத்தியது, அங்கீகரிக்கப்படாத படி ஒன்றைச் செய்தது. ஆனால் மூன்று பம்பாய்க்காரர்கள் கண்ணால் பார்த்துவிட்டதால் கங்கப்பனை அனுப்ப முடியவில்லை. பரீட்சையைக் கைவிட்டு, டைப் அடித்த இரண்டு உத்தரவுகளையும் கிழித்துவிட்டார்கள். அதற்குப் பதில் பரமசிவத்துக்கு ஒரு யோசனை தோன்றியது. கங்கப்பனைக் கற்றல் பிரிவுக்கு மாற்றினார்கள். புதிதாகச் சேருகிறவர்களுக்கு நாற்பதாவது ஸ்லைடு ஓடும்போது மணி அடிக்கும். உடனே அவன் எழுந்து வலது கையை உயர்த்திக் காட்ட வேண்டும். பேசக் கூடாது. சாதனங்களின் பதிவேட்டில் புரொஜக்டர், திரை, சுட்டுக்கோல் முதலான பதிமூன்றுக்கு அடுத்து, 'பதினான்கு: வலது கை, ஒன்று' என்று அதியா எழுத வேண்டியிருந்தது. எழுதும்போது அவள் அழுதாள் என்று சின்னராஜ் சொன்னான்.

ஏழாம் நம்பர் ஓடிக்கொண்டுதான் இருந்தது. ஸ்பிரிங் பரிசீலனையில்.

அடுத்த மாதம் பன்னிரண்டு பேர் புதிதாகச் சேர்ந்தார்கள். நாட்றாம்பாளையத்திலிருந்தும் மத்தூரிலிருந்தும் வந்தவர்கள், பாதிப் பேருக்குத் தெலுங்கு, சிலருக்குக் கன்னடம். அவர்களில் ஒருவனுக்கு ஏழாம் நம்பர் ஒதுக்கியிருந்தது. மெமோவுக்குப் பதில் எழுதிக் கொடுக்கப் போன சாந்த் பாஷா கற்றல் பிரிவின் வாசலில் நின்றான். உள்ளே ஸ்லைடு ஓடியது. மணி அடித்தது. கங்கப்பன் எழுந்து கையை உயர்த்தினான். இறக்கவில்லை. தெலுங்கில் பேச ஆரம்பித்தான்.

இது எனக்குத் தெரியாததால் போன விரல் இல்லை என்றான். மூன்று முறை எழுதிக் கேட்டும் ஒரு ஸ்பிரிங் மாற்றாததால் போனது என்றான். கிளட்ச் எப்படிச் சத்தம் போட வேண்டும் என்று நாக்கைத் தட்டிக் காட்டினான், எப்படிப் போடக் கூடாது என்றும் காட்டினான். சத்தம் மாறினால் எழுந்து நில்லுங்கள், யார் வந்து சொன்னாலும் உட்காராதீர்கள், பக்கத்தில் இருப்பவனும் எழட்டும் என்றான். அதையே கன்னடத்தில் ஒருமுறை சொன்னான். மெட்ராஸ்காரரான பரமசிவத்துக்கு இரண்டு பாஷையும் தெரியாது. பன்னிரண்டு பேரும் கண் கொட்டாமல் உட்கார்ந்திருந்ததைப் பார்த்து, 'கற்போர் கவனம்: மிகச் சிறப்பு' என்று அட்டையில் குறித்தார். கடைசியாகக் கங்கப்பன் தமிழில் சொன்னபோதுதான் அவர் பேனா நின்றது.

மூன்றாம் நாள் காலை, சத்தம் மாறியதும், ஏழாம் நம்பரில் இருந்த புதியவன் எழுந்து நின்றான். சூப்பர்வைசர் அதட்டினார். அவன் உட்காரவில்லை. புதிதாக வந்தவர்களில் இன்னும் இரண்டு பேர் எழுந்தார்கள். சாந்த் பாஷா ஆறாம் நம்பரை நிறுத்திவிட்டு எழுந்தான். பதினோரு வருஷத்தில் ஷிஃப்ட் நடுவே அவன் பிரஸ்ஸை விட்டு எழுந்தது கங்கப்பனுக்கு விரல் போன அன்று ஒரு தடவை, இது இரண்டாம் தடவை. வரிசை முழுக்க ஒவ்வொன்றாக நின்றது. பிரஸ்கள் நின்ற ஷாப்பில் வெளியே லாரி போகும் சத்தம் கேட்டது. சென்னகிருஷ்ணன் வந்தார், கத்தினார், போனார். பதினொரு மணிக்கு ஸ்டோர்ஸிலிருந்து சின்னராஜ் கையில் புது ஸ்பிரிங்கோடு வந்தான். அது ஒன்றரை வருஷமாக அலமாரியிலேயே இருந்ததாம். மாட்ட இருபது நிமிஷம் ஆனது.

அந்த வருஷ அறிக்கையில், போதனை வடிவமைப்பின் விளைவாக ஏழாம் நம்பர் பிரஸ்ஸில் கற்றல் இடைவெளி முற்றிலும் நீக்கப்பட்டது என்று போட்டார்கள். பரமசிவத்துக்கு பம்பாயில் ஒரு கேடயம் கொடுத்தார்கள். சாந்த் பாஷாவுக்கு அந்த வருஷ இன்க்ரிமென்ட் இல்லை.

பதிவேட்டில் பதினான்காம் எண்ணுக்கு எதிரே, நிலைமை என்ற இடத்தில், டாக்டர் தன் கையாலேயே எழுதினார்: 'பழுது. பேசுகிறது.'

பழுதான சாதனத்தை ஸ்டோர்ஸுக்குத் திருப்பி அனுப்புவது கம்பெனி வழக்கம். கங்கப்பனும் ஸ்டோர்ஸுக்குப் போனான். கையுறை வாங்க வருகிற புதிய ஆள் ஒவ்வொருவனிடமும் எந்த பிரஸ் என்று முதலில் கேட்பான். பிறகு ஜன்னல் கம்பி வழியாக வலது கையை வெளியே நீட்டுவான்.